அந்த நீலச் சொட்டு: மெத்திலீன் புளூவைப் பற்றி ஒரு விரிவான பதில்

கேள்வி இதுதான்: "என் அண்ணன் இரண்டு மாதமாக தினமும் காலையில் தண்ணீரில் மெத்திலீன் புளூ சொட்டு விட்டுக் குடிக்கிறார். மூளை சுறுசுறுப்பாகிறது, ஞாபக சக்தி கூடுகிறது என்கிறார். மனச்சோர்வுக்கு செர்ட்ராலின் மாத்திரையும் சாப்பிடுகிறார். இது மீன் தொட்டியில் ஊற்றும் நீல மருந்துதானே? ஆஸ்பத்திரியிலும் இதை ஊசியாகப் போடுகிறார்களாமே? இது மருந்தா, சாயமா, விஷமா?"

அவசரமான விஷயத்தை முதலில் சொல்லிவிடுகிறேன், கதையெல்லாம் அப்புறம். செர்ட்ராலின் சாப்பிடுகிறவர் மெத்திலீன் புளூ குடிக்கக் கூடாது. "சொட்டுக் கணக்கில்தானே குடிக்கிறேன்" என்பது இங்கே சமாதானம் ஆகாது. இன்றைக்கே நிறுத்தச் சொல்லுங்கள். ஆனால் பயந்துபோய் செர்ட்ராலினை நிறுத்திவிட வேண்டாம். அதைத் திடீரென்று விட்டால் தலைசுற்றல், எரிச்சல், தூக்கமின்மை, பழைய மனச்சோர்வு திரும்புவது என்று வேறு தொல்லைகள் வரும். நிறுத்த வேண்டியது நீலத்தை மட்டும்தான். காரணத்தைக் கீழே விளக்குகிறேன்.

மருந்தா, சாயமா, விஷமா என்றால், மூன்றும்தான். நான் மயக்க மருத்துவர். அறுவை அரங்கில் இந்த நீலத்தோடு எனக்கு நீண்ட காலப் பழக்கம். கையுறையைத் தாண்டி விரலில் ஒரு துளி பட்டால் எவ்வளவு தேய்த்தாலும் சில நாளைக்குப் போகாது. அப்படி ஒட்டிக்கொள்ளும் குணத்தால்தான் இது மருந்தே ஆனது.

1876-இல் ஜெர்மனியின் பிஏஎஸ்எஃப் நிறுவனத்தில் ஹைன்ரிக் காரோ என்ற வேதியியலாளர் துணிக்குச் சாயம் போட இதை உருவாக்கினார். அது நிலக்கரித் தாரிலிருந்து விதவிதமான சாயங்களை எடுத்துக்கொண்டிருந்த காலம். சாயப்பட்டறையிலிருந்து இது நுண்ணோக்கி மேசைக்கு வந்தது. ஜெர்மன் கிருமி ஆய்வாளர் ராபர்ட் கோக் 1882-இல் காசநோய்க் கிருமியைக் கண்டபோது அவர் பயன்படுத்திய சாயங்களில் இதுவும் ஒன்று. அதே நாட்டு மருத்துவர் பால் எர்லிக் இன்னும் ஒரு படி மேலே போனார். உயிருள்ள திசுவில் இந்தச் சாயத்தைச் செலுத்தினால் நரம்புகளில் மட்டும் தேடிப்போய் ஒட்டுகிறது, மலேரியா ஒட்டுண்ணியையும் நன்றாகப் பிடிக்கிறது என்று பார்த்தார். ஒரு பொருள் கிருமியை மட்டும் பொறுக்கி ஒட்டுமானால், அது கிருமியை மட்டும் பொறுக்கிக் கொல்லவும் கூடுமல்லவா? 1891-இல் அவரும் பால் குட்மனும் பெர்லினில் இரண்டு மலேரியா நோயாளிகளுக்கு இதைக் கொடுத்தார்கள். இருவரும் தேறினார்கள். முழுக்க ஆய்வகத்தில் செய்யப்பட்ட ஒரு பொருள் மனிதருக்கு மருந்தாகக் கொடுக்கப்பட்டதில் இதையே முதலாவதாகச் சொல்கிறார்கள்.

அதன் வம்சமும் பெரியது. பிற்கால மலேரியா மருந்துகள் பல இதன் மூலக்கூறைத் திருத்தித் திருத்தித்தான் பிறந்தன. இதன் அமைப்பை ஆராயப் போய் 1883-இல் பினோதயசின் என்ற கருவைக் கண்டுபிடித்தார்கள். 1950-களில் மனநல மருத்துவத்தையே மாற்றிய குளோர்புரோமசின் அந்தக் கருவின் மேல் கட்டப்பட்டது. மூளை மருந்துகளோடு இந்தச் சாயத்துக்கு உறவு இருப்பதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் உதவும்.

சரி, இது உடம்பில் என்னதான் செய்கிறது? பள்ளி ஆய்வகத்தில் 'நீலக் குப்பி' என்று ஒரு வித்தை காட்டுவார்கள். குடுவையில் சோடியம் ஹைட்ராக்சைடு கரைசல், அதில் குளுக்கோஸ், அதோடு சில துளி மெத்திலீன் புளூ. சும்மா வைத்தால் சிறிது நேரத்தில் நீலம் மறைந்து தண்ணீர் போல ஆகிவிடும். மூடியைப் பிடித்துக் குலுக்கினால் பளிச்சென்று நீலம் திரும்பும். வைத்தால் மறையும், குலுக்கினால் வரும். நடப்பது இதுதான்: குளுக்கோஸ் எலக்ட்ரானைக் கொடுக்க, சாயம் அதை வாங்கி நிறமிழக்கிறது. குலுக்கும்போது கரையும் ஆக்சிஜனிடம் அந்த எலக்ட்ரானைக் கொடுத்துவிட்டு மறுபடி நீலமாகிறது. ஒரு கையால் வாங்கி மறு கையால் கொடுக்கும் தரகர் மாதிரி. இந்த மருந்தின் நன்மைகளில் பெரியதும் தீமைகளில் பாதியும் இந்தத் தரகு வேலையில்தான் இருக்கின்றன.

இதன் முதல் உபயோகம், மெட்ஹீமோகுளோபினீமியா என்ற நிலைக்கு. வாயில் நுழையாத பெயர்தான், விஷயம் எளிது. ரத்தச் சிவப்பணுவில் உள்ள ஹீமோகுளோபினின் இரும்பு இரட்டை மின்னூட்டத்தில் இருந்தால்தான் ஆக்சிஜனைப் பிடித்துக்கொள்ள முடியும். அது ஒரு எலக்ட்ரானை இழந்து மும்மை மின்னூட்டத்துக்குப் போய்விட்டால் ஆக்சிஜன் அதில் ஏறாது. இப்படிக் கெட்டுப்போன ஹீமோகுளோபினுக்கு மெட்ஹீமோகுளோபின் என்று பெயர். போதாக்குறைக்கு, பக்கத்தில் நல்லபடியாக இருக்கும் இரும்பும் தான் பிடித்த ஆக்சிஜனைத் திசுவுக்கு இறக்க மாட்டேன் என்று இறுக்கிக்கொள்ளும். நம் எல்லோருக்கும் கொஞ்சம் ஹீமோகுளோபின் தினமும் இப்படிக் கெடுகிறது. ஒரு நொதி அதை உடனுக்குடன் சரிசெய்து 1 சதவீதத்துக்குப் பக்கத்திலேயே வைத்திருக்கிறது. அந்த நொதி சமாளிக்க முடியாத வேகத்தில் கெடுத்தால்தான் ஆபத்து. தொழுநோய்க்குக் கொடுக்கும் டாப்சோன், மரத்துப்போகச் செய்யும் பென்சோகைன், பிரைலோகைன், நைட்ரைட்டுகள், அனிலின், நைட்ரோபென்சீன் எல்லாம் அந்த வேலையைச் செய்யக்கூடியவை. நைட்ரேட் மிகுந்த கிணற்று நீரில் பால் மாவு கரைத்துக் கொடுத்த பச்சைக் குழந்தைகள் நீலம் பாரிப்பதை 1945-இலேயே எழுதிவைத்தார்கள். முதல் சில மாதங்களில் குழந்தைகளுக்கு அந்த நொதி பாதி பலத்தில்தான் இருக்கும்.

நேரில் பார்த்த ஒன்றைச் சொன்னால் புரியும். எண்டோஸ்கோபி அறையிலிருந்து ஒரு நாள் அவசரமாகக் கூப்பிட்டார்கள். ஐம்பது வயதுக்காரர். தொண்டை மரத்துப்போக பென்சோகைன் ஸ்பிரே அடித்து அரை மணி நேரம் இருக்கும். உதடும் நகமும் சாம்பல் கலந்த நீலம். முகமூடியில் முழு ஆக்சிஜன் போகிறது, ஆனால் விரலில் மாட்டிய ஆக்சிமீட்டர் 85-ஐ விட்டு நகரவில்லை. நுரையீரலில் மூச்சுச் சத்தம் சுத்தமாக இருக்கிறது. ஆள் பேசுகிறார்: "தலைதான் வலிக்குது டாக்டர், வேற ஒண்ணும் இல்ல." ஊசியில் ரத்தம் எடுத்தேன். கரைத்த சாக்லேட் மாதிரி பழுப்பு. வெள்ளைத் துணியில் ஒரு சொட்டு விட்டு விசிறினோம். சாதாரணக் கருஞ்சிவப்பு ரத்தமாக இருந்தால் காற்றுப் பட்டதும் சிவந்துவிடும். இது பழுப்பாகவே கிடந்தது. அதற்குமேல் சந்தேகப்பட ஒன்றுமில்லை. பரிசோதனை முடிவு மெட்ஹீமோகுளோபின் 38 சதவீதம் என்று பிறகு வந்தது. 10, 15 சதவீதத்தில் தோல் நீலமாகும். 20, 30-இல் தலைவலி, களைப்பு, படபடப்பு. 50-ஐத் தாண்டினால் வலிப்பு, இதயத் துடிப்புக் கோளாறு. 70-க்கு மேல் பெரும்பாலும் உயிர் தங்காது.

ஒரு சதவீதக் கரைசல் என்றால் மில்லிக்கு 10 மி.கி. எழுபது கிலோ மனிதர், கிலோவுக்கு 1 மி.கி. வீதம் 7 மி.லி., ஐந்து நிமிடத்தில் மெதுவாக ரத்தக் குழாயில் ஏற்றினேன். பாதி ஏறும்போதே ஆக்சிமீட்டர் 85-இலிருந்து 60-களுக்கு விழுந்தது. புதிதாக வந்திருந்த செவிலியர் முகம் வெளுத்துவிட்டது. இது தெரிந்தவர்களையும் ஒரு கணம் உலுக்கும். அந்தக் கருவி 660 நானோமீட்டர் சிவப்பு ஒளி, அகச்சிவப்பு ஒளி என்ற இரண்டையும் வைத்துத்தான் கணக்குப் போடுகிறது, மெத்திலீன் புளூ கிட்டத்தட்ட அந்தச் சிவப்பு ஒளியையே விழுங்குகிறது. ஆகவே குறைந்தது ஆக்சிஜன் அல்ல, கருவிக்குப் போன வெளிச்சம். (முதலில் 85-இல் நின்றதும் இதே மாதிரி ஒரு ஏமாற்றுதான். மெட்ஹீமோகுளோபின் கருவியின் இரண்டு ஒளிகளையும் ஏறக்குறைய சமமாக உறிஞ்சும். அந்த விகிதம் வந்தால் கருவி 85 என்று காட்டும்.) கொஞ்ச நேரத்தில் எண் ஏற ஆரம்பித்தது. அரை மணி நேரத்தில் உதடு இளஞ்சிவப்பு. சாயங்காலம் அவருக்கு இருந்த ஒரே கவலை, "சிறுநீர் பச்சையா போகுது" என்பதுதான்.

நடந்தது அந்த நீலக் குப்பி வித்தைதான். சிவப்பணுவுக்குள் என்ஏடிபிஎச் என்ற பொருள் இருக்கிறது. ஒரு நொதியின் உதவியால் சாயம் அதனிடம் எலக்ட்ரான் வாங்கி நிறமிழக்கிறது. நிறமிழந்த சாயம் அந்த எலக்ட்ரானைக் கெட்டுப்போன இரும்பிடம் கொடுத்து அதைச் சரியாக்குகிறது. நீலம் பாரித்த மனிதரை நீலச் சாயத்தால் சிவப்பாக்குவது வேடிக்கைதான். அதைவிட வேடிக்கை, ரத்தத்தை இப்படிக் கெடுப்பதில் பேர்போன அனிலினின் உறவுக்காரப் பொருளிலிருந்துதான் இந்தச் சாயத்தையே முதலில் செய்தார்கள். முள்ளை முள்ளால் எடுப்பது என்பார்களே, ஏறக்குறைய அதேதான்.

அமெரிக்காவின் கென்டக்கி மலைப்பகுதியில் ஃபியூகேட் என்ற குடும்பத்தில் தலைமுறை தலைமுறையாக நீலத் தோலோடு பிள்ளைகள் பிறந்தார்கள். மேலே சொன்ன பழுதுபார்க்கும் நொதி அவர்களுக்குப் பிறவியிலேயே குறைவு. 1960-களில் மேடிசன் கேவைன் என்ற மருத்துவர் அந்தக் குடும்பத்தில் சிலருக்கு மெத்திலீன் புளூ ஊசி போட்டார். சில நிமிடங்களில் பிறவி நீலம் மறைந்தது.

இவ்வளவு நல்ல மருந்தில் எங்கே வந்தது விஷம்? அதே தரகில்தான். மருந்து வேலை செய்ய என்ஏடிபிஎச் வேண்டும். அதைத் தயாரிக்க ஜி6பிடி என்ற நொதி வேண்டும். உலகில் சுமார் 40 கோடிப் பேருக்கு இந்த நொதி குறைவு. எக்ஸ் குரோமோசோம் சார்ந்த குறை என்பதால் ஆண்களுக்கே அதிகம். மலேரியா பரவியிருந்த நிலப்பகுதிகளில் வேரூன்றிய குறை இது. அவர்களில் பெரும்பாலோருக்குத் தங்களுக்கு இப்படி ஒன்று இருப்பதே தெரியாது, தினசரி வாழ்க்கையில் ஒரு தொந்தரவும் இராது. அவர்களுக்கு மெத்திலீன் புளூ ஏற்றினால் எலக்ட்ரான் கொடுக்க ஆளில்லை. சாயம் நீலமாகவே நின்று, சிவப்பணுவுக்குள் இருப்பதைத் தாக்க ஆரம்பிக்கும். மெட்ஹீமோகுளோபின் இறங்காது, சில சமயம் ஏறும். கூடவே சிவப்பணுக்கள் உடையும். இதில் ஒரு நயவஞ்சகமும் உண்டு. சிவப்பணு உடைவதை நோயாளி வழக்கமாகச் சிறுநீர் கருத்துப்போவதை வைத்துக் கண்டுகொள்வார். இங்கே சிறுநீர்தான் ஏற்கெனவே நீலப் பச்சையாக இருக்கிறதே! கண் மஞ்சளாகி, மூச்சு வாங்க ஆரம்பித்த பிறகுதான் சந்தேகம் வரும். அப்படிப்பட்டவர்களுக்கு வைட்டமின் சி, ரத்தமாற்று போன்ற வேறு வழிகளைப் பார்க்கிறோம். வைட்டமின் சி மெதுவாகத்தான் வேலை செய்யும், ஆனால் சிவப்பணுவை உடைக்கும் அபாயம் குறைவு.

நொதி சரியாக இருப்பவர்களுக்கும் எல்லை உண்டு. கிலோவுக்கு 1 முதல் 2 மி.கி. முறிமருந்து. 7 மி.கி.-ஐத் தாண்டினால் எந்த நோயைத் தீர்க்கப் போட்டோமோ அதே நோயை அதுவே உண்டாக்கலாம். நீலக் குப்பியில் சாயத்தை அளவுக்கு மீறிக் கொட்டினால் இருக்கிற குளுக்கோஸ் போதாமல் நீலம் நீலமாகவே நிற்கும், அதுபோல. நெஞ்சுவலி, வாந்தி, குழப்பம், வியர்வை எல்லாம் கூடவே வரும். அந்த அளவு ஒன்றும் எட்டாத உயரம் இல்லை. பத்து கிலோ குழந்தைக்கு 70 மி.கி. என்பது ஒரு சதவீதக் கரைசலில் 7 மி.லி.தான், ஒன்றரைத் தேக்கரண்டிகூட இல்லை. வீட்டில் சின்னப் பிள்ளைகள் இருந்தால் அந்தப் பாட்டில் எங்கே இருக்கிறது என்று முதலில் பாருங்கள்.

இப்போது செர்ட்ராலினுக்கு வருகிறேன். மூளையில் மனநிலையோடு தொடர்புள்ள செரட்டோனின் என்ற வேதிப்பொருளை ஒரு தொட்டித் தண்ணீர் என்று வைத்துக்கொள்ளுங்கள். அது வெளியேற இரண்டு வடிகால்கள். ஒன்று, நரம்பு செல் அதைத் திரும்ப உறிஞ்சிக்கொள்வது. மற்றொன்று, மோனோஅமைன் ஆக்சிடேஸ்-ஏ என்ற நொதி அதைச் சிதைப்பது. செர்ட்ராலின், ஃப்ளூவாக்செட்டின், எசிட்டலோபிராம் போன்ற மாத்திரைகள் முதல் வடிகாலைக் கொஞ்சம் அடைக்கின்றன, அதுதான் சிகிச்சை. மெத்திலீன் புளூ இரண்டாவது வடிகாலை அடைக்கிறது. கொஞ்சமாக இல்லை, பலமாக. மனச்சோர்வுக்கென்றே கொடுக்கப்பட்ட பழைய மாத்திரைகள் சில இதே நொதியைத் தடுக்கும் வகையைச் சேர்ந்தவை. அவற்றோடு செர்ட்ராலினைச் சேர்க்கவே கூடாது என்பது மருத்துவ மாணவருக்கும் தெரிந்த விதி. சாயம் என்ற பெயரில் வந்ததால் அந்த விதி இதற்கும் பொருந்தும் என்று நெடுங்காலம் யாருக்கும் தோன்றவில்லை.

எப்படித் தெரிந்தது என்பது ஒரு துப்பறியும் கதை. கழுத்தில் பாராதைராய்டு சுரப்பிகளை அறுவையின்போது அடையாளம் காண, முன்பு மெத்திலீன் புளூவை ரத்தக் குழாயில் ஏற்றுவார்கள். சுரப்பி நீலமாகத் தெரியும். பெரும்பாலோர் நன்றாகவே எழுந்தார்கள். சிலர் மட்டும் மயக்கம் தெளியும்போது குழப்பத்தோடு, கண்மணி விரிந்து, கைகால் உதறலோடு எழுந்தார்கள். சாயம் மூளையை நேராகத் தாக்குகிறது என்றுதான் முதலில் எழுதினார்கள். பிறகு அந்தச் சிலருடைய மருந்துச் சீட்டுகளைப் புரட்டிப் பார்த்தபோது, கிட்டத்தட்ட எல்லோரும் மனச்சோர்வு மாத்திரை சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்கள். அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பான எஃப்டிஏ 2011 ஜூலையில் இதுபற்றிப் பொது எச்சரிக்கை விட்டது. அவசரமில்லாத சிகிச்சையாக இருந்தால் அந்த மாத்திரைகளை, மருத்துவர் மேற்பார்வையில், குறைந்தது இரண்டு வாரம் முன்பே நிறுத்த வேண்டும். ஃப்ளூவாக்செட்டின் உடம்பில் நெடுநாள் தங்குவதால் அதற்கு ஐந்து வாரம். கடைசி மெத்திலீன் புளூவுக்கு 24 மணி நேரம் கழித்து மாத்திரையை மறுபடி தொடங்கலாம். வென்லாஃபாக்சின், டுலாக்செட்டின், குளோமிப்ரமைன் போன்றவையும் இதே கணக்கில் வரும். வலி மருந்துகளில் டிராமடால், பெத்திடின். இருமல் மருந்தில் டெக்ஸ்ட்ரோமெத்தார்ஃபன் இருந்தால் அதுவும்தான். இருமல் மருந்தை யாரும் "நான் சாப்பிடும் மருந்து" என்ற பட்டியலில் சேர்த்துச் சொல்வதில்லை, அதனால்தான் தனியாகச் சொல்கிறேன்.

உங்கள் அண்ணனிடம் கவனிக்க வேண்டியவை: காரணமில்லாத பதற்றம், உட்கார முடியாத தவிப்பு, வியர்வை, வயிற்றுப்போக்கு, நடுக்கம், காய்ச்சல், பேச்சில் குழப்பம். நாங்கள் படுக்கையருகே ஒரு சோதனை செய்வோம். காலைத் தளர்வாக வைத்துக்கொண்டு பாதத்தைச் சட்டென்று மேல்நோக்கித் தள்ளிப் பிடித்தால், சாதாரணமாக அது அப்படியே நிற்கும். செரட்டோனின் மிகுந்திருந்தால் தையல் மெஷின் மிதி போலப் பாதம் படபடவென்று அடித்துக்கொண்டே இருக்கும். சொட்டு குடித்த சில மணி நேரத்திலிருந்து ஒரு நாளுக்குள் இப்படி ஏதாவது தெரிந்தால் வீட்டில் வைத்துப் பார்க்க வேண்டாம், நேராக அவசர சிகிச்சைப் பிரிவுக்குப் போங்கள். உடல் சூடு கட்டுக்கடங்காமல் ஏறுவதுதான் இதில் உயிரைக் குடிப்பது. இரண்டு மாதம் ஒன்றும் ஆகவில்லையே என்று அவர் கேட்பார். ஆகாமல் இருந்திருக்கலாம். செர்ட்ராலின் அளவைக் கூட்டிய அன்றைக்கோ, இருமல் மருந்து சேர்ந்த அன்றைக்கோ, சொட்டு கை தவறிக் கூடிய அன்றைக்கோ கணக்கு மாறிவிடும்.

ஆஸ்பத்திரியில் இதன் மற்ற உபயோகங்களைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். பெரிய இதய அறுவைக்குப் பிறகு சிலருக்கு ரத்தக் குழாய்கள் தளர்ந்து, எந்த மருந்துக்கும் ரத்த அழுத்தம் ஏறாமல் கிடக்கும். குழாயைத் தளரவைக்கும் நைட்ரிக் ஆக்சைடின் பாதையை மெத்திலீன் புளூ மறிப்பதால் அங்கே கடைசிக் கட்டத்தில் இதைக் கையில் எடுக்கிறோம். இஃபோஸ்ஃபமைட் என்ற புற்றுநோய் மருந்தால் வரும் மூளைக் குழப்பத்துக்கும் கொடுப்பதுண்டு. மார்பகப் புற்றுநோயில் முதல் நிணநீர் முடிச்சைக் கண்டுபிடிக்க, குடலிலும் சிறுநீர்ப் பாதையிலும் ஓட்டை இருக்கிறதா என்று பார்க்க, இதைச் சாயமாகவே பயன்படுத்துகிறார்கள். தானமாக வந்த பிளாஸ்மாவில் இதைக் கலந்து ஒளியைப் பாய்ச்சினால் பல வைரஸ்கள் செயலிழக்கும். சில சிறுநீர் எரிச்சல் மாத்திரைகளிலும் கொஞ்சம் கலந்திருக்கிறது. தெரியாமலே சாப்பிடுகிறவர்கள் உண்டு.

பழைய மலேரியா வேலையும் திரும்பி வந்திருக்கிறது. மாலி நாட்டில் நடந்து 2018-இல் வெளியான ஒரு ஆய்வில், வழக்கமான மலேரியா மருந்தோடு இதைச் சேர்த்துக் கொடுத்தபோது நோயாளிகளிடமிருந்து கொசுவுக்கு மலேரியா தொற்றுவது இரண்டு நாளில் நின்றுபோனது. நோய் பரவுவதைத் தடுக்க இது நல்ல ஆயுதம். சிக்கல் அந்தச் சிறுநீர் நிறம்தான். இரண்டாம் உலகப் போர்க் காலத்துச் சிப்பாய்களும் இதனால்தான் இந்த மருந்தை வெறுத்தார்கள்.

யாருக்கு அறவே ஆகாது? கர்ப்பிணிகளுக்கு. இரட்டைக் கர்ப்பத்தில் இரண்டு பனிக்குடங்களையும் பிரித்தறிய ஒரு காலத்தில் இதை உள்ளே செலுத்தினார்கள். பிறந்த குழந்தைகளில் சிலருக்குச் சிறுகுடல் இடையில் அடைபட்டிருந்தது, சிலருக்குச் சிவப்பணுக்கள் உடைந்திருந்தன. அந்தப் பழக்கம் கைவிடப்பட்டது. பச்சைக் குழந்தைகளின் உடம்பில் சாயம் இருக்கும்போது மஞ்சள் காமாலைக்காக ஒளி விளக்கின் கீழ் வைத்தால் தோல் வெந்துபோகும், ஏனென்றால் இது ஒளிபட்டால் வினைபுரியும் பொருள். முதுகுத்தண்டு நீரில் இது போகவே கூடாது, கால்கள் செயலிழந்த கொடுமை நடந்திருக்கிறது. ஏற்றும்போது ரத்தக் குழாய்க்கு வெளியே கசிந்தாலும் தோல் அழுகும். சிறுநீரகக் கோளாறு உள்ளவர்களுக்கு உடம்பை விட்டுப் போக நேரமாகும்.

அண்ணன் சொல்லும் ஞாபக சக்திக் கதை முழுப் பொய் இல்லை. செல்லின் மின்நிலையமான மைட்டோகாண்ட்ரியாவிலும் இது அதே எலக்ட்ரான் தரகைச் செய்கிறது. குறைந்த அளவில் ஆற்றல் உற்பத்திக்கு உதவுகிறது, கூடினால் தடுக்கிறது. 2016-இல் 26 ஆரோக்கியமானவர்களிடம் நடந்த ஒரு சிறிய ஆய்வில், ஒரே ஒரு வேளை 280 மி.கி. கொடுத்தபோது நினைவுச் சோதனையில் சரியான விடைகள் 7 சதவீதம் கூடின. அவ்வளவுதான். மாதக்கணக்கில் சொட்டு குடிப்பதற்கு அதில் ஆதாரம் கிடையாது. அதே 2016-இல் அல்ஸைமர் நோயாளிகள் 891 பேரிடம் இதன் மாற்று வடிவம் ஒன்றைப் பரிசோதித்த பெரிய ஆய்வின் முடிவு வந்தது. நோய் குறையவில்லை. அந்த ஆய்வில் ஒரு சுவாரசியம்: சிறுநீர் நிறத்தைப் பார்த்தே யாருக்கு மருந்து, யாருக்கு வெறும் மாத்திரை என்று தெரிந்துவிடும் என்பதால், ஒப்பீட்டுக் குழுவுக்கும் 4 மி.கி. தினம் இரண்டு வேளை கொடுத்தார்கள், நிறம் வருவதற்காக மட்டும். உங்கள் அண்ணன் குடிக்கும் அளவு ஏறக்குறைய அதுவாகத்தான் இருக்கும். ஒரு சதவீதக் கரைசலில் ஒரு சொட்டு சுமார் அரை மி.கி. பத்து சொட்டு 5 மி.கி. அந்த ஆய்வாளர்கள் 'வெறும் நிறம்' என்று நினைத்துக் கொடுத்த அளவு. நாக்கு நீலமாவதும் சிறுநீர் பச்சையாவதும் ஏதோ பெரிதாக நடக்கிறது என்ற நம்பிக்கையைக் கொடுத்துவிடும். நிறமற்ற சொட்டாக இருந்திருந்தால் பாதிப் பேர் ஒரு வாரத்தில் விட்டிருப்பார்கள் என்பது என் அபிப்பிராயம்.

கடைசியாக மீன் தொட்டி. ஆம், மூலக்கூறு அதுவேதான். மீன்களின் பூஞ்சை, வெண்புள்ளி நோய்களுக்கு ஊற்றுவதும் மெத்திலீன் புளூதான். ஆனால் பாட்டிலுக்குள் இருப்பது ஒன்றல்ல. ஊசி மருந்துக்குச் செய்யும்போது ஆர்செனிக், காட்மியம் போன்ற உலோகங்களும் உடன்பிறந்த வேறு சாயங்களும் எவ்வளவு இருக்கலாம் என்று கடும் வரம்பு உண்டு, ஒவ்வொரு தொகுதியையும் சோதிப்பார்கள். மீனுக்கும் துணிக்கும் ஆய்வக ஸ்லைடுக்கும் விற்பதற்கு அந்தச் சோதனை தேவையில்லை. லேபிளில் '99 சதவீதம் தூய்மை' என்று போட்டிருந்தாலும், மீதி 1 சதவீதம் என்ன என்பதுதான் கேள்வி. இன்னொரு குழப்பத்தையும் சொல்லிவிடுகிறேன். வாய்ப்புண்ணுக்குத் தடவும் ஊதா நிற ஜென்ஷன் வயலட் வேறு சாயம். புற்றுநோய் அபாயம் காரணமாக கனடா அரசு 2019-இல் அதைப் பயன்படுத்த வேண்டாம் என்று சொன்னது. இரண்டையும் 'நீல மருந்து' என்று ஒன்றாக்கிப் பேசுவது வழக்கமாகிவிட்டது.

இனி செய்ய வேண்டியது. செர்ட்ராலின் எழுதிக் கொடுத்த மருத்துவரிடம் இந்தச் சொட்டைப் பற்றி அண்ணனே நேரில் சொல்லட்டும். ஜி6பிடி ரத்தப் பரிசோதனை ஒன்று செய்துகொள்ளச் சொல்லுங்கள். மலேரியாவுக்கு பிரைமாகுயின் கொடுக்க நேர்ந்தாலும் அந்த முடிவு வாழ்நாள் முழுக்க உதவும். அடுத்த சில நாளில் அவருக்கு அறுவை சிகிச்சையோ பல் சிகிச்சையோ இருந்தால் மயக்க மருத்துவரிடம் கட்டாயம் சொல்ல வேண்டும், வலிக்கு டிராமடாலோ பெத்திடினோ போட்டுவிடாமல் இருக்க. நிறுத்திய பிறகும் சிறுநீரில் சில நாள் பச்சை தெரியும், அதற்குப் பயப்பட வேண்டாம். நீலமோ பச்சையோ போய்க் கோலா நிறத்துக்கு வந்தால் மட்டும் தாமதிக்காமல் காட்டுங்கள். மருத்துவரிடம் போகும்போது பாட்டிலையும் கையோடு எடுத்துப் போகச் சொல்லுங்கள். "நீலமா ஒரு சொட்டு" என்று சொன்னால் எங்களால் ஒன்றும் செய்ய முடியாது. எத்தனை சதவீதம், தினம் எத்தனை சொட்டு, கடைசியாகக் குடித்தது எத்தனை மணிக்கு, இந்த மூன்றையும்தான் முதலில் கேட்போம்.